மேலே கிடக்கிற மண்ணுக்கு என்ன பெயர்?

கம்மாபுரத்தில் நிகழ்த்திய அறக்கட்டளைச் சொற்பொழிவு



அறக்கட்டளைச் சொற்பொழிவு என்றால் சங்க இலக்கியத்திலோ பக்தி இலக்கியத்திலோ ஒரு நூலை எடுத்துக்கொண்டு பேசுவதுதான் வழக்கம். அழைப்பிதழில் ‘ஓவர்பர்டன்’ என்ற தலைப்பைப் பார்த்துவிட்டு அச்சகத்துக்காரர் போன் போட்டார். “ஐயா, இது தலைப்புதானா, இல்ல ஏதாவது பிழையா?” தலைப்புதான். இந்த அறக்கட்டளை யார் நினைவாக நடக்கிறதோ அந்தத் தமிழாசிரியர், வகுப்பில் ஒரு புதுச்சொல் வந்தால் பொருளை உடனே சொல்லமாட்டார். “இது யார் வாயில பொறந்த சொல்லு?” என்றுதான் முதலில் கேட்பார். அந்தக் கேள்வியைத்தான் இன்று ஓர் ஆங்கிலச் சொல்லிடம் கேட்கப்போகிறேன்.

கம்மாபுரம் ஒன்றியத்தில் நெய்வேலி நிலக்கரிச் சுரங்கத்துக்கு ஒருவரையாவது வேலைக்கு அனுப்பாத தெரு குறைவு. அந்த வீடுகளில் ‘ஓபி’ என்ற சொல் புழங்கும். ஓவர்பர்டன் என்பதன் முதலெழுத்துகள்தான் அது. என் அத்தை மகன் கன்வேயரில் வேலை பார்த்தவன். “இன்னைக்கி ஓபில டியூட்டி” என்று அவன் சொல்ல, வெளியூரிலிருந்து பெண் பார்க்க வந்தவர்கள் முகம் சுருங்கிப்போயிற்று. வேலை செய்யாமல் ஓபி அடிக்கிற பையன் போலிருக்கிறது என்று நினைத்துவிட்டார்கள். நெய்வேலியில் ஓபிதான் இருப்பதிலேயே பெரிய வேலை என்பதை அவர்களுக்கு விளக்கி முடிப்பதற்குள் காபி ஆறிவிட்டது.

அது எவ்வளவு பெரிய வேலை? பழுப்பு நிலக்கரி இங்கே ஏறத்தாழ 50 மீட்டர் ஆழத்திலிருந்து 100 மீட்டருக்கும் கீழே வரை படுத்திருக்கிறது. திறந்தவெளிச் சுரங்கம் என்பதால் மேலே உள்ள அத்தனையையும் அகற்றினால்தான் கரி கண்ணில் படும். ஒரு டன் கரி எடுக்க ஐந்தரை கனமீட்டர் அளவுக்கு மண்ணை அள்ளியாக வேண்டும். இரண்டாம் சுரங்கத்தின் ஆண்டுத் திறன் ஒன்றரைக் கோடி டன். அந்தக் கணக்கில் ஓர் ஆண்டில் அகற்றும் மண் எட்டுக் கோடி கனமீட்டருக்கு மேல் போகும். அந்த எட்டுக் கோடியை ஒரு மீட்டர் உயரத்துக்கு நிரவினால் ஏறக்குறைய 20,000 ஏக்கர் மூடிப்போகும். கரிச்சுரங்கம் என்று பெயர்தான். நாள் முழுக்க அங்கே நடப்பது மண் வெட்டு.

இந்த மண்ணுக்குத்தான் ஆங்கிலத்தில் ஓவர்பர்டன் என்று பெயர். ‘பர்டன்’ என்றால் சுமை. தாங்குதல் என்று பொருள்படும் ‘பேர்’ என்ற வினையும் அதுவும் ஒரே வேரில் பிறந்தவை. அளவுக்கு மிஞ்சிச் சுமை ஏற்றுவது என்ற பொருளில் ‘ஓவர்பர்டன்’ வினைச்சொல்லாக ஆங்கிலத்தில் முன்பே உண்டு. கழுதைக்கும் கடன்காரனுக்கும் பொதுவான சொல். அதைப் பெயர்ச்சொல்லாக்கி மண்ணின் தலையில் கட்டியவர்கள் 19-ஆம் நூற்றாண்டுச் சுரங்கக்காரர்களும் கல்குவாரிக்காரர்களும். கரி வேண்டும், கல் வேண்டும், தாது வேண்டும். அதற்கு மேலே கிடப்பதெல்லாம் அதிகப்படிப் பாரம். தமிழாசிரியர் ஐயாவின் கேள்விக்கு விடை கிடைத்துவிட்டது: குழிக்குள் கரிக்குப் பக்கத்தில் நின்று அண்ணாந்து பார்த்தவன் வாயில் பிறந்த சொல் இது.

பிறந்த இடத்திலேயே நின்றுவிடாமல் அது பல துறைகளுக்கும் போயிற்று. சுரங்கப்பாதை தோண்டும் பொறியாளருக்கு, பாதையின் கூரைக்கு மேல் எத்தனை மீட்டர் மண் நிற்கிறதோ அதுதான் ஓவர்பர்டன். சென்னை மெட்ரோவுக்காக நகரத்துக்கு அடியில் எந்திரம் குடைந்துகொண்டு போனபோது இந்தக் கணக்கு இல்லாமல் ஓரடி நகர்ந்திருக்காது. அங்கே அந்த மண்ணை யாரும் அகற்றப்போவதில்லை. அது அமுக்காமல் பார்த்துக்கொள்வதுதான் வேலை. எண்ணெய்க் கிணறு துளைப்பவர்களுக்கு அது ஒரு பொருள்கூட அல்ல, ஓர் அழுத்தம்: இரண்டு மூன்று கிலோமீட்டர் பாறை கீழே உள்ளதை நெருக்கும் விசை. புவியியலாளர்கள் சிலர் கெட்டிப்பாறைக்கு மேல் கிடக்கும் தளர்ந்த மண்ணையெல்லாம் இப்படியே சொல்கிறார்கள். அடியில் தோண்டுவதற்கு ஒன்றுமே இல்லாத இடத்திலும் அது ‘சுமை’தான்.

இதில் ஒரு குறும்பும் உண்டு. வெடிவைப்பவர்களுக்குத் தனியாக ஒரு ‘பர்டன்’ இருக்கிறது. வெடிமருந்து நிரப்பிய துளைக்கும் பாறையின் திறந்த முகத்துக்கும் இடைப்பட்ட தூரத்தை அவர்கள் அப்படிச் சொல்வார்கள். இரும்பு உருக்குகிறவர்களுக்கோ உலைக்குள் கொட்டும் தாதும் கல்கரியும் சுண்ணாம்புக் கல்லும் சேர்ந்ததே ‘பர்டன்’. அகராதியை மட்டும் நம்பி மொழிபெயர்க்கிறவர் இந்த மூன்றையும் ‘சுமை’ என்று எழுதிவிட்டுத் தூங்கப் போகலாம். நெய்வேலியில் ஓவர்பர்டனுக்கே வெடிவைக்கிறார்கள் என்பதால், ஒரே அறிக்கையின் ஒரே பத்தியில் இரண்டு பர்டனும் தோளோடு தோள் உரசி நிற்கும்.

மண்ணுக்கு எதற்கு வெடி என்று கேட்பீர்கள். 1956-இல் நெய்வேலி நிலக்கரி நிறுவனம் பதிவாகி, 1957 மே மாதம் நேரு சுரங்க வேலையைத் தொடங்கிவைத்தார். ஜெர்மனியிலிருந்து பக்கெட் வீல் எந்திரங்கள் வந்தன. பெரிய சக்கரம், அதன் விளிம்பு முழுக்க வாளிகள், வாளியின் வாயில் பற்கள். அந்த நாட்டு இளகிய மண்ணைச் சுரண்டிப் பழகிய பற்கள் அவை. இங்கே அவற்றுக்கு எதிரே நின்றது கடலூர் மணற்கல். பற்கள் மளமளவென்று தேய்ந்தன, உடைந்தன. பிறகு வெடிவைத்துப் பாறையைத் தளர்த்திக்கொண்டும், பல்லின் வடிவத்தையும் உலோகத்தையும் மாற்றிக்கொண்டும்தான் வேலை ஓடியது. கரி முகம் காட்டியது 1961-இல். சக்கரத்தை அனுப்பிய நாட்டுக்காரர்கள் எழுதிய கையேட்டில் கடலூர் மணற்கல்லுக்கு இடம் இருந்திருக்காது. சொல்லை இரவல் வாங்கினாலும் இதே கதைதான். அது வேறொரு மண்ணுக்குச் செய்த பல்.

அந்த ஜெர்மன்காரர்கள் இந்த மண்ணை என்னவென்று சொல்வார்கள்? ‘அப்ராவ்ம்’. மேசையைத் துடைத்து ஒதுக்குவது போல ஒதுக்கப்படுவது என்று பொருள். பிரெஞ்சுக்காரர்கள் ‘மோர் தெரேன்’ என்பார்கள். செத்த நிலம் என்று பச்சையாகச் சொல்கிற சொல். முதல் அனல்மின் நிலையத்தைக் கட்ட உதவிய சோவியத் நாட்டுக்காரர்களின் மொழியில் ‘வ்ஸ்க்ரீஷா’. மூடியிருப்பதைத் திறப்பது என்ற வினையிலிருந்து வந்தது. ஒருவருக்குச் சுமை, ஒருவருக்குக் குப்பை, ஒருவருக்குப் பிணம், ஒருவருக்கு மூடி. நால்வரில் ரஷ்யர் சொல்தான் எனக்குப் பிடித்திருக்கிறது. மூடியைத் திட்டவேண்டிய அவசியம் அதில் இல்லை.

திட்டுவதற்கு நியாயமும் இல்லை. அந்த மண்ணுக்குள் என்ன இருக்கிறது என்று பார்க்கலாம். மேலே செம்மண். அதில் முந்திரியும் பலாவும் மல்லாட்டையும். அதற்குக் கீழே மணலும் மணற்கல்லும் களியும் மாறி மாறி வருகின்றன. களியில் ஒரு வகை, பீங்கானுக்கு ஆகிற வெள்ளைக் களிமண். விருத்தாசலத்தில் பீங்கான் தொழிற்பேட்டையும் பீங்கான் தொழில்நுட்பம் கற்பிக்கும் அரசு நிறுவனமும் எழுந்ததற்குப் பக்கத்தில் கிடைத்த இந்தக் களியும் ஒரு காரணம். அகல்விளக்கும் பொம்மையும் மின்கம்பத்துப் பீங்கானும் ‘சுமை’யிலிருந்து பிறந்தவை. இப்போது ஓபி மண்ணிலிருந்தே கட்டட மணல் பிரித்தெடுத்து விற்கிறார்கள். ஆற்றுமணலுக்குத் தட்டுப்பாடு வந்ததும் சுமைக்கு விலை வந்துவிட்டது.

1930-களில் ஜம்புலிங்க முதலியார் தம் நிலத்தில் கிணறு தோண்டியபோது தண்ணீரோடு கறுப்பாக ஏதோ வந்ததில்தான் நெய்வேலியின் கதையே தொடங்குகிறது என்பது உங்களுக்குத் தெரியும். அவர் தேடியது தண்ணீர். அவர் கணக்கில் கரிதான் தொந்தரவு! கரிக்கு அடியில் அழுத்தத்தோடு நிற்கும் அந்தத் தண்ணீருக்கு ‘ஆர்ட்டீசியன்’ என்று பெயர். பிரான்சில் ஆர்த்துவா என்ற வட்டாரத்தில் தானாகப் பொங்கும் கிணறுகள் இருந்ததால் வந்த பெயர் அது. அங்கே லில்லேர் என்ற ஊரில் 1126-இலேயே அப்படி ஒரு கிணறு துளைத்திருக்கிறார்கள். மோட்டார் இல்லாமல் பொங்கி வழிந்த குழாய்க்கிணறுகளைப் பற்றி இங்கே முன்வரிசையில் உட்கார்ந்திருக்கும் எங்கள் ஊர்ப் பெரியவர்களைக் கேட்டால் நாளெல்லாம் சொல்வார்கள். ஒரு வட்டாரத்தின் பெயர் உலகத்தில் அப்படிப் பொங்கும் கிணறுகளுக்கெல்லாம் போயிற்று. நம் பக்கத்து ஊர்ப்பெயர் எதுவும் அப்படிப் போகவில்லையே என்ற ஆதங்கம் எனக்கு உண்டு. அது வேறு சொற்பொழிவு.

சரி, தமிழில் ஓவர்பர்டனுக்கு என்ன சொல்வது? கருத்துக்கேட்புக் கூட்டங்களில் வழங்கும் தமிழ்ச் சுருக்கங்களில் ‘மேல்மண்’ என்று கண்டிருக்கிறேன். இங்கேதான் சிக்கல். ‘டாப்சாயில்’ என்பதற்கும் நம்மிடம் மேல்மண் என்றுதான் சொல். அது ஒரு முழம், இரண்டு முழம்; வேர் ஓடுகிற, புழு நெளிகிற மண். ஓவர்பர்டன் பனைமரத்தைப் போலப் பல மடங்கு. வளமான மேல்மண்ணைத் தனியாக வழித்தெடுத்துச் சேமித்து, குழியை நிரப்பிய பிறகு மறுபடி மேலே பரப்ப வேண்டும் என்று சுற்றுச்சூழல் அனுமதியில் நிபந்தனை எழுதுவது வழக்கம். ஆங்கிலத்தில் இரண்டு சொல் இருப்பதால் நிபந்தனை புரிகிறது. தமிழில் இரண்டுக்கும் ஒரே சொல்லைப் போட்டால், ‘மேல்மண் அகற்றப்படும், மேல்மண் பாதுகாக்கப்படும்’ என்று ஒரே தாளில் வரும். படிக்கிற விவசாயி எதை நம்புவார்? இது மொழிப்பற்றுள்ளவர்களின் பொழுதுபோக்குச் சங்கதி அல்ல. ஒரு குடும்பத்தின் பட்டா நிலத்தைப் பற்றிய தாள்.

பண்டிதர்கள் ‘பொறை’யை நினைவுபடுத்தலாம். எனக்கும் ஆசை வந்தது. பொறு என்பதிலிருந்து பொறை. ஆங்கிலத்தின் ‘பர்டன்’ தாங்குதலிலிருந்து வந்தது போலவே. பொறை என்றால் சுமை, பொறுமை, கருப்பம், குன்று. பொறையுயிர்த்தல் என்றால் பிள்ளை பெறுதல். தோண்டுகிறவனைத் தாங்கும் நிலத்தை வள்ளுவர் பொறையுடைமை அதிகாரத்தின் தலைவாசலில் நிறுத்தியதை நான் சொல்லவேண்டியதில்லை. தலைப்பைப் பார்த்ததுமே அதை எதிர்பார்த்திருப்பீர்கள். சுரங்கத்து ஓரத்தில் எழுந்து நிற்கும் மண்மேடுகளையும் சேர்த்தால், சுமை, தாங்கும் நிலம், கொட்டிய குன்று மூன்றும் ஒரே சொல்லுக்குள் அடங்கிவிடும். அழகுதான். ஆனால் ஷிப்டு முடிந்து வருகிறவன் ‘மேற்பொறை’ என்று சொல்லமாட்டான். அவன் சொல்லாததை அகராதியில் ஏற்றி என்ன பயன்? விருத்தாசலம் பக்கத்து மணக்கொல்லைக்காரர் கண்மணி குணசேகரன் நடுநாட்டுச் சொல்லகராதி தொகுத்தபோது ஏட்டைத் தேடாமல் வாய்களைத்தான் தேடினார். அந்த வழிதான் சரி.

‘மூடுமண்’ என்று சொல்லலாம் என்பது என் எண்ணம். கரியை மூடிய மண். யாரையும் வையாத சொல். மேல்மண்ணை விவசாயிக்கே விட்டுவிடும். ஓபி என்பது சுரங்கத்துக்குள் இருந்துவிட்டுப் போகட்டும். அவர்கள் உழைத்துச் சம்பாதித்த சொல் அது.

ஓவர்பர்டன் என்ற சொல்லில் அடங்காத ஒன்றும் உண்டு. 2023 ஜூலையில் வளையமாதேவியில் பரவனாற்றைத் திருப்பும் கால்வாய்க்காக, கதிர் பிடித்து நின்ற நெல்வயலில் மண்வாரி எந்திரங்கள் இறங்கியதை நாடே பார்த்தது. நிலம் முன்பே கையகப்படுத்தப்பட்டது என்றது சுரங்க நிறுவனம். பயிருக்கு ஏக்கருக்கு 40,000 ரூபாய் தரச் சொன்னது உயர் நீதிமன்றம். அந்த வழக்குக்குள் நான் போகவில்லை. சொல்லாராய்ச்சிக்காரன் கண்ணில் பட்டது வேறு. கரி, மூடுமண், அடிநீர் எல்லாவற்றுக்கும் சுரங்க நூல்களில் பெயரும் அளவும் இருக்கின்றன. மண்ணுக்கு மேல் நிற்கிற பயிருக்குப் பெயர் இல்லை. ஓவர்பர்டன் தரைமட்டத்தோடு முடிந்துபோகிற சொல்.

என் அத்தைக்குச் சுரங்கத்துக்குப் போன கொல்லை ஒன்று இருந்தது. முந்திரிக் கொல்லை. அதைப் பற்றி அழுதோ ஏசியோ நான் கேட்டதில்லை. ஒருநாள் ஷிப்டு முடிந்து சாப்பிட உட்கார்ந்த மகனிடம் சாதாரணமாகக் கேட்டாள்: “ஏண்டா, நம்ம கொல்ல மண்ண எந்த மேட்டுல கொட்டுனீங்க?” அவன் பதினைந்து வருஷம் கன்வேயரில் மண் ஓடுவதைப் பார்த்தவன். வெட்டிய மண் பெல்ட்டில் பல மைல் போய், மற்ற அடுக்குகளின் மண்ணோடு சேர்ந்து, ஸ்ப்ரெடர் எந்திரம் வீசுகிற இடத்தில் விழும் என்று தெரியும். அவனால் பதில் சொல்ல முடியவில்லை. அடுத்த ஞாயிற்றுக்கிழமை வண்டியில் வைத்துக் கூட்டிக்கொண்டு போய், ரோட்டோரம் நிறுத்தி, ஒரு மேட்டைக் காட்டி, “அதுவா இருக்கும்மா” என்றான்.

அத்தை கையைப் புருவத்துக்கு மேல் வைத்துக்கொண்டு கொஞ்சநேரம் பார்த்தாள்.

“அது இல்லடா. நம்ம மண்ணு செவப்பு. இது வெள்ளையால்ல கெடக்கு.”