ஒப்படையும் உண்மைத் தேடலும்

கண்டியிலே ஓர் அரசினர் பாடசாலையின் அதிபராகப் பணிபுரியும் எனக்கு, தவணைதோறும் மாணவரின் ஒப்படைகளைப் பார்வையிடும் வாய்ப்புக் கிட்டுவதுண்டு. ஒரு தவணையில், மலைநாட்டுத் தேயிலை பற்றிய ஒப்படைகள் என் மேசைக்கு வந்தன. வண்ணப் படங்களும் அழகிய அட்டைகளும் கண்ணைக் கவர்ந்தன. ஆனால், புரட்டிப் பார்த்தபோது, பதினொரு பிள்ளைகள் ஒரே பந்தியை, அதிலிருந்த ஒரே எழுத்துப் பிழையோடு எழுதியிருக்கக் கண்டேன். எங்கோ ஒரு கடையில் அச்சிட்டு வாங்கிய தாளிலிருந்து பெயர்த்தெழுதப்பட்டவை அவை. பிள்ளைகளை மட்டும் நொந்து பயன் யாது? "தேடி எழுதி வாருங்கள்" என்று பணித்த நாம், எவ்வாறு தேடுவது என்பதைக் கற்பித்தோமா? அந்தக் கேள்வியே இன்றைய பேச்சுக்குக் காரணமாயிற்று.

தேடலின் முதற்படி, தலைப்பைக் கேள்வியாக மாற்றுவதாகும். "தேயிலை" என்பது கடல்போன்ற பொருள். "கண்டிச் சீமையில் கோப்பி அழிந்து தேயிலை எவ்வாறு வேரூன்றியது?" என்பதோ விடை காணத்தக்க கேள்வி. கேள்வி தெளிவானால், எதனைப் படிப்பது, எதனை விடுவது என்பதும் தெளிவாகும்.

அடுத்தது நூலகம். கண்டியிலுள்ள டி. எஸ். சேனாநாயக்க ஞாபகார்த்தப் பொது நூலகத்தை அறியாத நகர மாணவர் இலர்; ஆயினும் அதனைப் பயன்படுத்தத் தெரிந்தோர் சிலரே. தூவியின் பகுப்பு முறைப்படி நூல்களை அடுக்கிய நூலகங்களில் தேயிலைப் பயிர்ச்செய்கை 633.72 என்னும் எண்ணின்கீழ் அமையும். இலங்கை வரலாறோ 954.93 என்னும் எண்ணின்கீழ் வேறோர் அடுக்கில் இருக்கும். நம் கேள்விக்கு இரண்டு அடுக்குகளும் வேண்டும். நூலைக் கையில் எடுத்ததும் முதற்பக்கத்திலிருந்து படிக்கத் தொடங்க வேண்டுவதில்லை. பொருளடக்கத்தையும் இறுதியிலுள்ள சொல்லடைவையும் முதலிற் பார்த்தல் வேண்டும்.

குறிப்பெடுக்கும்போது ஓர் எளிய வழியைக் கைக்கொள்ளலாம். பந்தியை இருமுறை படித்துவிட்டு நூலை மூடிவிடுங்கள். பின்னர் மனத்தில் நின்றதை உங்கள் சொந்த நடையில் எழுதுங்கள். மீண்டும் திறந்து ஆண்டுகளையும் பெயர்களையும் சரிபாருங்கள். ஆசிரியர் பெயர், நூற்பெயர், பக்க எண் ஆகியவற்றை அப்பொழுதே குறித்துக்கொள்ளுங்கள். நாளை தேடலாம் என்று விட்டவர், நாளை வேறு நூலையே காண்பர்.

இனி, நூல்கள் தம்முள் முரண்பட்டால் என் செய்வது? இலங்கைக்குத் தேயிலை வந்த ஆண்டு 1824 என்று ஒரு நூல் கூறும். 1839 என்று மற்றொன்று கூறும். 1867 என்று பிறிதொன்று கூறும். என் மாணவர் சிலர், எந்த ஆண்டு பெரும்பாலான நூல்களில் உளதோ அதுவே சரியெனக் கொண்டனர். உண்மையை வாக்கெடுப்பினால் துணிய இயலுமா? கூர்ந்து நோக்கினால் முரண்பாடு நீங்கிவிடும். 1824 என்பது சீனத்திலிருந்து ஒரு தேயிலைச் செடி பேராதனைத் தாவரப் பூங்காவுக்குக் கொணரப்பட்டதாகச் சொல்லப்படும் ஆண்டு. 1839 அசாம் விதைகள் அதே பூங்காவை அடைந்த ஆண்டு. 1867 ஜேம்ஸ் டெயிலர் என்பார் லூல்கந்துர தோட்டத்தில் 19 ஏக்கரில் வணிக நோக்கோடு பயிரிட்ட ஆண்டு. மூன்று ஆண்டுகளும் மூன்று வெவ்வேறு கேள்விகளுக்குரிய விடைகள்! 1869 இல் கோப்பிச் செடிகளில் இலைநோய் தோன்றிய பின்னரே தேயிலை பெருகியது என்பதையும் சேர்த்து நோக்கினால், நம் கேள்வியின் விடை உருப்பெறத் தொடங்கும்.

ஏட்டோடு நின்றுவிடவும் வேண்டா. 1892 இல் மறைந்த டெயிலரின் கல்லறை நம் கண்டி மஹியாவ மயானத்திலேயே உள்ளது. அக்கல்வெட்டுத் தேயிலையோடு சிங்கோனாப் பயிரையும் குறிப்பிடுகின்றது. ஹந்தானையிலே பழைய தொழிற்சாலை ஒன்று தேயிலை நூதனசாலையாக விளங்குகின்றது. பார்த்தறிந்த ஒரு செய்தி, பார்த்தெழுதிய பத்துப் பக்கங்களினும் மேலானது.

இணையத்தையும் நான் வெறுப்பவனல்லன். 2005 இல் தொடங்கப்பட்ட நூலகம் என்னும் இணையத்தளத்தில் ஈழத்துத் தமிழ் நூல்களும் இதழ்களும் ஏராளமாகக் கிடைக்கின்றன. கேட்ட மாத்திரத்தில் கட்டுரையே எழுதித்தரும் கணினிகளும் இந்நாளில் உள்ளன. எதுவாயினும், "இதைச் சொன்னவர் யார்? அவர் எவ்வாறு அறிந்தார்?" என்னும் இரு கேள்விகளுக்கும் விடை கிட்டாதவிடத்து அதனை ஒப்படையில் ஏற்றாதீர்கள்.

நான் முதலிற் குறிப்பிட்ட பதினொருவருள் ஒருத்தி தோட்டத்துப் பிள்ளை. அவளை மீண்டும் எழுதப் பணித்தேன். "எங்கள் வீட்டில் புத்தகமே இல்லை, ஐயா" என்றாள். "அப்பாயி இருக்கின்றாரா?" என்று வினவினேன். இரண்டு கிழமைக்குப் பின் அவள் கொணர்ந்த ஏட்டிலே "துண்டு" என்றொரு சொல் இருந்தது. அப்பாயி தம் தாயாரிடமிருந்து கேட்டறிந்த சொல் அது. கங்காணியும் அவருடைய ஆட்களும் தோட்டத்துக்குப் பட்ட கடனை எழுதிய சீட்டே துண்டு. அக்கடனைக் கட்டும் தோட்டத்துக்கே அவர்கள் மாறிச் செல்லலாம். அவளை நூலகத்துக்கு அனுப்பினேன். 1921 இல் அம்முறை சட்டத்தினால் ஒழிக்கப்பட்டதென்னும் செய்தியை வரலாற்று நூலொன்றிற் கண்டு, ஓடிவந்து சொன்னாள். அப்பாயியின் சொல்லுக்கு நூல் சான்றாயிற்று. நூலின் வரிக்கு அப்பாயி உயிரூட்டினார்.

டெயிலரின் பெயர் எல்லா நூல்களிலும் உண்டு. அந்த 19 ஏக்கரில் மண்ணைக் கொத்திச் செடி நட்டவர்களின் பெயர்களை நம் பாடநூல்களிற் காண்பதில்லை. அத்தகையோரின் நினைவுகள் இன்னும் சில முதியோர் நாவிலே தங்கியிருக்கின்றன. அவற்றைக் கேட்டு, நாள் குறித்து, சொன்னவரின் ஒப்புதலோடு எழுதிவைக்கும் மாணவர் புள்ளிக்காக மட்டும் உழைப்பவரல்லர். தம் மக்களின் வரலாற்றுக்கே ஒரு பக்கம் சேர்ப்பவராவர்.

பெற்றோரே, அடுத்த முறை உங்கள் பிள்ளை ஒப்படைக்குப் பணம் கேட்டால், கடைக்கு அனுப்புமுன், அருகிருத்தி, "நீ அறிய விரும்புவது என்ன?" என்று கேளுங்கள். தேடல் அங்கே தொடங்கட்டும்.