பீலிக்கரை



யாழ்ப்பாணத்தில் தண்ணீருக்குப் போகிற இடம் கிணற்றடி. சென்னையிலும் மதுரையிலும் அது குழாயடி. இலங்கை மலையகத்தின் ஹட்டன், நுவரெலியாத் தோட்டங்களில் அதற்குப் பீலிக்கரை என்று பேர். ஒரு மொழிக்குள் மூன்று பேர் வந்ததற்கு மண்தான் காரணம். யாழ்ப்பாணத்தில் ஆண்டு முழுதும் ஓடும் ஆறு கிடையாது. சுண்ணாம்புக் கல்லுக்கு அடியில் கிடக்கும் நீரைத் தோண்டித்தான் எடுக்க வேண்டும். நகரத்தில் மாநகராட்சி குழாய் பதித்துத் தெருமுனை வரை கொண்டுவந்து விட்டது. மலைநாட்டில் தண்ணீர் மேலேயிருந்து தானே இறங்கி வருகிறது. ஏந்திக்கொள்ள ஒரு வாய் வைத்தால் போதும். அந்த வாய்தான் பீலி.

இன்று இங்கே வந்திருக்கும் ஒவ்வொருவர் வீட்டுக் குசினியிலும் சிங்குக்கு மேலே ஒரு பைப் இருக்கிறது. ஒரு கையால் தூக்கினால் தண்ணீர் வரும். இடப்பக்கம் திருப்பினால் சுடுதண்ணீர், வலப்பக்கம் திருப்பினால் பச்சைத்தண்ணீர். மலையகத் தமிழர் இருநூறு ஆண்டுகளாக அந்த இடத்தில் வைத்திருந்த பொருளும் அதற்கு அவர்கள் சொன்ன பேரும் வேறு. அந்தப் பொருளின் கதையைக் கேட்டால் அந்த மக்களின் கதையில் பாதி வந்துவிடும்.

பழைய தமிழில் பீலி என்றால் முதலில் மயில்தோகை. 475ஆம் குறளில் வள்ளுவர் வண்டியில் ஏற்றி அச்சை முறிப்பது அந்தப் பீலியைத்தான். காலாழியும் பீலியும் என்று சேர்த்துச் சொல்லும்போது அது பெண்களின் கால்விரல் அணி. யாழ்ப்பாண வீடுகளில் கூரை விளிம்பில் மழைத்தண்ணீரை வாங்கி ஒரு பக்கமாக வடியவிடும் தகரமும் பீலிதான். பனைமரத்தைப் பிளந்து, நடுவைக் குடைந்து, அதன் வழியே பயிருக்குத் தண்ணீர் விட்டபோது அதற்கும் பீலி என்றே பேர். சிங்களத்தில் பிஹில்ல, பீல்ல என்கிறார்கள். கண்டிப் பக்கத்துக் கிராமங்களில் மலையூற்று விழுந்து ஊரார் குளிக்கும் இடம் அது. ஆக, தோட்டத்து லயத்தில், அதாவது வரிசை வீட்டில், இருந்த தமிழ்க் குடும்பமும் ஆற்றுக்கு அந்தப் பக்கம் இருந்த சிங்களக் குடும்பமும் தண்ணீர் எடுக்கும் இடத்தை ஏறக்குறைய ஒரே சொல்லால் அழைத்து வந்திருக்கிறார்கள். இரண்டு சமூகமும் பகிர்ந்துகொண்டவற்றைப் பட்டியல் போடுகிறவர்கள் இதை விட்டுவிடக் கூடாது.

திருச்சி, புதுக்கோட்டை, சேலம், மதுரை, இராமநாதபுரம் என்று வறண்ட சீமைகளிலிருந்து வந்தவர்கள் மலையகத் தமிழரில் பெரும்பாலோர். அங்கே தண்ணீர் என்றால் கண்மாய், ஊருணி, கிணறு. எல்லாமே குனிந்து எடுக்கும் தண்ணீர். 1820களில் கோப்பித் தோட்டங்களுக்கு, ஆள் சேர்த்து வேலை வாங்கும் கங்காணிமாரோடு புறப்பட்டவர்கள் கடல் தாண்டி மன்னார்க் கரையில் இறங்கி, காட்டு வழியே மாத்தளைக்கு நடந்தார்கள். வாந்திபேதியும் காய்ச்சலும் வழிநெடுகப் பலி வாங்கின. கெட்ட தண்ணீர் அதற்குப் பெரிய காரணம். 2023ஆம் ஆண்டு, மலையகம் 200 என்ற இருநூறாம் ஆண்டு நினைவாக, ஜூலை 28 அன்று தலைமன்னாரில் தொடங்கிய நடைபயணம் அதே வழியில் வந்து ஆகஸ்ட் 12 அன்று மாத்தளையை அடைந்தது. அந்த வழியைக் கடந்து உயிரோடு மலையேறியவர்களுக்குத் தண்ணீர் மலையிலிருந்து தானே இறங்கி வருவது புது அனுபவமாக இருந்திருக்கும்.

கோப்பியை இலைநோய் அழித்தது. 1867இல் லூல்கந்துரையில் ஜேம்ஸ் டெய்லர் போட்ட தேயிலை மலை முழுவதும் பரவியது. லயங்கள் எழுந்தன. லயத்துக்கு ஒன்றாகவோ இரண்டு லயத்துக்கு ஒன்றாகவோ பீலியும் வந்தது.

பீலியைக் கிட்டப் போய்ப் பார்க்க வேண்டும். தேயிலைக்கு மேலே, காடு மிஞ்சியிருக்கும் மடிப்பில் ஊற்றுக்கண் இருக்கும். கல்லும் மண்ணும் வைத்து அதைத் தடுத்துச் சின்னதாகத் தேக்குவார்கள். ஆதியில் அங்கிருந்து பிளந்த மூங்கிலை ஒன்றன்மேல் ஒன்றாக ஏந்தவைத்துத் தண்ணீரைக் கீழே கொண்டுவந்தார்கள். பின்பு இரும்புக் குழாய் வந்தது, அதன் பின்பு எஸ்லோன் எனும் பிளாஸ்டிக் பைப்பும் கறுப்பு ஹோஸும். கடைசி முனையில், இடுப்பளவு உயரத்தில், கல்லிலோ சிமெந்துச் சுவரிலோ பதித்த குழல் வாய். அதன் கீழே தண்ணீர் விழுந்து விழுந்து குழிந்த தரை. பக்கத்தில் துணி துவைக்கும் கல். ஓரமெல்லாம் பாசி. மழை பெய்து தண்ணீர் செம்மண்ணாக வரும் நாட்களில் பீலி வாயில் வெள்ளைத்துணியைக் கட்டிவிடுவார்கள். சாயங்காலம் அந்தத் துணியைக் கழற்றி உதறினால் மண்ணும் இலைத்துணுக்கும் உதிரும்.

இதற்குத் திருகு கிடையாது. திருகித் திறந்து, திருகி மூடும் பைப்புக்கு இங்கிலாந்தின் ரொதர்ஹாம் ஊரில் கெஸ்ட் அண்ட் கிரைம்ஸ் என்ற நிறுவனம் 1845இல் காப்புரிமை வாங்கியது. கோப்பித் தோட்டங்களுக்கு ஆட்கள் ஆயிரம் ஆயிரமாக மாத்தளை வழியில் நடந்துகொண்டிருந்த காலம் அது. அந்தத் திருகு துரை பங்களாவின் குசினிக்குள் போயிற்று, லயத்துக்கு வரவில்லை. பீலி இரவும் பகலும் திறந்தே கிடந்தது. பின்னாளில் சில லயங்களில் திருகு வைத்த பைப் பொருத்தியபோதும் சனங்கள் பழக்கத்தை விடாமல் அதையும் பீலி என்றே சொன்னார்கள். கிணற்றில் தண்ணீர் அள்ளுவார்கள். பீலியில் தண்ணீர் பிடிப்பார்கள். தோட்டத்துப் பெண் "தண்ணி புடிச்சிட்டு வாறேன்" என்று சொல்லும்போது, அவள் குடத்தை வைக்கும் விதமே அந்த வினைச்சொல்லுக்குள் இருக்கிறது.

விடியுமுன் பீலிக்கரைக்குப் போகிறவள், பெரட்டுக்கு, அதாவது காலை ஆள்கணக்குக்கு, ஆள் கூடுவதற்குள் தண்ணீர் பிடித்து, தேத்தண்ணி போட்டு, ரொட்டி தட்டி, பிள்ளையைப் பிள்ளை மடுவம் எனும் காப்பகத்தில் விட்டு, கூடையோடு மலைக்குப் போயாக வேண்டும். பொழுது சாயக் கொழுந்து நிறுத்துவிட்டு வந்ததும் மறுபடி பீலிக்கரை. குளிப்பு, துவைப்பு, இரவுச் சமையலுக்குத் தண்ணீர். ஜனவரி தொடங்கி மார்ச் வரை பனியும் வெயிலுமாக ஊற்று சுருங்கும்போது பீலி விரல் தடிப்புக்குத்தான் வடியும். அப்போது ஆளுக்குப் பதிலாகக் கேன்களும் வாளிகளும் வரிசையில் நிற்கும். இலங்கையிலேயே அதிக மழை பெறும் இடங்களில் ஒன்றான வட்டவளை இருக்கும் மலையில் இந்த வரிசை நிற்கிறது என்பதை நினைக்க நெஞ்சு பொறுக்கவில்லை.

பீலிக்கரையைப் பெண்களின் சபை என்று சிலர் இனிமையாக எழுதுவதுண்டு. அதில் உண்மை இருக்கிறது. கல்யாணப் பேச்சு அங்கே நடந்தது, தோட்டத்துச் செய்தி அங்கே பரவியது, தீபாவளி விடியலில் எண்ணெய் முழுக்கும் அங்கேதான். ஆனால் மறைப்பில்லாத வெளியில், பாவாடையை மார்பில் கட்டிக்கொண்டு, போகிறவர் வருகிறவர் கண்ணுக்கு முன்னால் குளிக்க வேண்டியிருந்ததும் அங்கேதான். எந்தச் சாதிக்கு எந்த லயம் என்று கங்காணிமார் பிரித்துவைத்த காலத்தில் லயத்தோடு பீலியும் பிரிந்து நின்றது. பாட்டிமார் சொல்லும் கதைகளில் இந்த இரண்டும் இருக்கும். எழுதுகிறவர்கள் ஒன்றை மட்டும் எடுத்துக்கொள்வது நியாயமில்லை.

லயத்துக் காம்பரா பத்தடிக்குப் பன்னிரண்டடி. காம்பரா போர்த்துக்கீசர் விட்டுப்போன சொல்; முன்னால் இருக்கும் இஸ்தோப்பு ஒல்லாந்தருடையது; லயம் ஆங்கிலேயர் சொன்ன லைன். பைப்புக்குச் சிங்களத்தில் வழங்கும் கராமய என்பதும் ஒல்லாந்தரின் கிரானிலிருந்து வந்தது. இத்தனை இரவல் சொற்களுக்கு நடுவே தண்ணீருக்கு மட்டும் பீலி நின்றது. அந்தக் காம்பராவின் ஒரு மூலையில் அடுப்பு இருந்தது, சிங்க் இருக்கவில்லை. சிங்க் வைக்க உள்ளே வர ஒரு குழாயும் வெளியே போக ஒரு கானும் வேண்டும். அதைவிட முக்கியமாக, துளை போட உரிமையுள்ள சுவர் வேண்டும். சுவர் தோட்டத்துக்குச் சொந்தம்.

தோட்டத்துக்கு வெளியே அரசாங்கம் இருந்ததே என்று கேட்கலாம். 1948ஆம் ஆண்டின் குடியுரிமைச் சட்டம் மலையகத் தமிழரில் மிகப் பெரும்பாலோரை நாடற்றவர்களாக்கியது. 1964 அக்டோபர் 30 அன்று கையெழுத்தான சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கு என்றும் 3,00,000 பேரை இலங்கைக்கு என்றும் பங்கு பிரித்தது. வாக்கில்லாதவன் பீலி உடைந்தால் யாரிடம் போய்ச் சொல்வான்? தோட்டத்துரையிடம்தான். எஞ்சியிருந்தோருக்கும் 2003ஆம் ஆண்டுச் சட்டம் குடியுரிமை வழங்கிய பிறகும் ஒரு முடிச்சு அவிழாமல் கிடந்தது. 1987ஆம் ஆண்டின் பிரதேச சபைச் சட்டத்தில் 33ஆம் பிரிவு காரணமாக, சபையின் பணத்தைத் தோட்டக் குடியிருப்புகளுக்குத் தாராளமாகச் செலவிட முடியாத நிலை. பிரதேச சபைக்கு வாக்களித்த மக்களின் லயத்துப் பாதைக்கும் பீலிக்கும் அந்தச் சபையால் கைகொடுக்க முடியவில்லை. 2018இல்தான் அந்தப் பிரிவு திருத்தப்பட்டது. அதே ஆண்டில் நுவரெலியா, அம்பகமுவ ஆகிய இரண்டு பெரிய சபைகள் பிரிந்து, கொட்டகலை, அக்கரப்பத்தனை, நோர்வூட், மஸ்கெலியா என்று நான்கு புதுச் சபைகளும் நடைமுறைக்கு வந்தன. பீலியைப் பற்றிய எந்தப் பேச்சும் இந்தச் சட்டப் பிரிவைத் தொடாமல் முழுமையாகாது.

தண்ணீர் எங்கே போகிறது என்பதையும் பார்க்க வேண்டும். சிவனொளிபாதமலைப் பக்கத்தில் பிறக்கும் நீர் காசல்ரீ, மவுசாக்கலை நீர்த்தேக்கங்களில் நிறைந்து, மின்சாரமாகிறது. பின்பு களனி கங்கையாக இறங்குகிறது. அம்பத்தலையில் அதைச் சுத்திகரித்துக் கொழும்பின் வீடுகளுக்கு அனுப்புகிறார்கள். மவுசாக்கலை கட்டப்பட்டபோது பழைய மஸ்கெலியா நகரமே நீருக்குள் போனது. கடும் வறட்சியில் பழைய கோயிலின் கட்டடம் வெளியே தெரியும். இத்தனையும் கொடுத்த மலையில், தோட்டத்து மக்களில் மிகப் பலர் குடிப்பது இன்னும் சுத்திகரிக்காத ஊற்று நீரைத்தான். ஊற்றுக்கு மேலே தேயிலை போட்டிருந்தால் உரமும் களைநாசினியும் மழையோடு இறங்கும். மேட்டு லயத்தின் கழிவு பள்ளத்து லயத்தின் பீலிக்கு வரும்.

மாற்றம் நடக்கவில்லை என்று சொல்ல முடியாது. 2015இல் உலக வங்கியின் உதவியோடு ஏழு மாவட்டங்களில் தொடங்கிய நீர், சுகாதாரத் திட்டத்தில் நுவரெலியா, பதுளை, இரத்தினபுரித் தோட்டங்களும் சேர்ந்தன. இந்திய வீடமைப்புத் திட்டம் மலையகத்துக்கு 4,000 வீடுகள் என்றது. 2017 மே மாதம் நோர்வூட் மைதானத்தில் இந்தியப் பிரதமர் இன்னும் 10,000 வீடுகளை அறிவித்தார். ஏழு பேர்ச் காணியில் தனி வீடு, அதற்குள் தனிக் குசினி. சில குடியிருப்புகளில் வீடு முடிந்து குடிபுகுந்த பிறகும் தண்ணீர் வர நாள் பிடித்தது. ஹோஸ் பைப்பை இழுத்துத் தாங்களே இணைத்துக்கொண்டவர்கள் உண்டு. எப்படியானாலும் அந்தக் குசினிச் சுவரில் இப்போது ஒரு பைப் இருக்கிறது. பிள்ளைகள் அதைப் பைப் என்றே சொல்கிறார்கள். "பைப்பைப் பூட்டு" என்று தாய் சத்தம் போடுகிறாள். பூட்டுவதற்கு ஒன்று இருக்கிறது என்பதே அந்த வீட்டுக்குப் பெரிய சங்கதி. பீலி போய்ப் பைப் வந்ததற்கு யாரும் வருந்தத் தேவையில்லை. ஒவ்வொரு வீட்டுக்கும் பைப் வரட்டும், சீக்கிரம் வரட்டும்.

சொல்லை மட்டும் எழுதிவைக்க வேண்டும். சி.வி. வேலுப்பிள்ளை மலைநாட்டு மக்களின் பாடல்களைத் திரட்டியிராவிட்டால் அவற்றில் பல இன்று நமக்குக் கிடைத்திரா. என்.எஸ்.எம். இராமையா, தெளிவத்தை ஜோசப் போன்றோரின் கதைகளில் தோட்டத்துப் பேச்சு அச்சேறி நிற்கிறது. ஆனாலும் மலையகக் கதை ஒன்றைக் கையில் எடுக்கும் தமிழ்நாட்டு வாசகர் பீலி என்ற இடத்தில் மயில்தோகையை நினைத்துத் திகைத்துப் போவார். 1977, 1983 வன்செயல்களுக்குப் பிறகு வன்னிக்குப் போன தோட்டக் குடும்பங்களின் பேரப்பிள்ளைகளுக்குத் தெரிந்தது கிணற்றடி. ஒப்பந்தப்படி நீலகிரிக்கு அனுப்பப்பட்டவர்களின் வழியும் வேறாகிவிட்டது. கடல் கடந்து இந்த நாட்டுக்கு வந்த மலையகக் குடும்பங்களும் இந்த அவையில் இருக்கின்றன. பீலிக்கரையில் நின்று தண்ணீர் பிடித்த அம்மாக்கள் அவர்கள் வீடுகளில் இருக்கிறார்கள்.

நம் சங்கத்திடம் வேண்டுவது இதுதான். அடுத்த ஆண்டு மலருக்கு முன்னால் இளைஞர் அணி அந்த அம்மாக்களிடம் போய் உட்கார்ந்து, கைப்பேசியில் அவர்கள் குரலைப் பதிவு செய்ய வேண்டும். எந்தத் தோட்டம், எந்த டிவிஷன், பீலிக்குத் தண்ணீர் எந்த மலையிலிருந்து வந்தது, மூங்கிலா இரும்பா, ஊற்றடைத்தால் ஏறிப்போய் எடுத்துவிட்டவர் யார், வறட்சியில் முறை வைத்தவர் யார், முறையை மீறினால் என்ன நடந்தது, பிள்ளை பெற்றவளுக்குத் தண்ணீர் சுமந்து கொடுத்தவர் யார் என்று கேட்க வேண்டும். தோட்டத்தின் பேரையும், பேசியவரின் சம்மதத்தோடு அவர் பிறந்த ஆண்டையும் குறித்துக்கொள்ள வேண்டும். அவர் சொல்லும் உச்சரிப்பைத் திருத்தாமல் அப்படியே எழுத வேண்டும்.