அடிச்சோறு யாருக்கு?

நான் பத்தாவது வரைக்கும் படிச்சவ. மேடையில பேசிப் பழக்கமில்லை. சமையல் பத்திப் பேசுன்னாங்க, அந்த தைரியத்துல வந்துட்டேன்.

மார்கழி, தையில நம்ம பக்கம் பச்சை மொச்சையும் அரசாணிக்காயும் நல்லா வரும். இதே குளிர்காலத்துல ஜப்பான்லயும் ஈரான்லயும் என்ன சமைக்கறாங்கன்னு எம் பொண்ணு போன்ல காட்டினா. ஈரான்னா, நாம பள்ளிக்கூடத்துல பாரசீகம்னு படிச்சமே, அந்த நாடுதான். பார்த்தா ரெண்டு பேரும் நமக்கு ஒறம்பரை மாதிரிதான் இருக்காங்க! டிசம்பர் 21, 22 வாக்குல, பகல் ரொம்பக் குறைஞ்ச நாள்ல, ஜப்பான்ல அரசாணிக்காய் சாப்பிடறது வழக்கம். தோலோட வெட்டி, சோயா சாஸும் சர்க்கரையும் போட்டு வேக வைக்கறாங்க. ஈரான்ல அந்த ராத்திரிக்கு யல்டான்னு பேரு. பெரியவங்க வீட்டுல எல்லாரும் கூடி மாதுளம்பழம், தர்பூசணி சாப்பிட்டு முழிச்சிருப்பாங்க. சோத்துல பயறு போட்டு ஆக்கறதும் ரெண்டு ஊர்லயும் இருக்குது. ஜப்பான்ல பச்சைப் பட்டாணி. ஈரான்ல மொச்சை மாதிரி ஒரு பெரிய பயறு, கூட சதகுப்பைத் தழை. நம்ம அரிசிம்பருப்பு சாதத்துக்கு எல்லாம் பங்காளிங்கதான்.

ஆனா எம்மனசுல நின்னது அடிச்சோறுங்க. சட்டி அடியில பிடிக்கற காந்தலுக்கு ஈரான்ல தஹ்தீக்னு பேரு. சட்டி அடின்னுதான் அதுக்கு அர்த்தம். அது பிடிக்கணும்னே சோறு ஆக்கறாங்க. ஒறம்பரை வந்தா அவங்க தட்டுக்குத்தான் அது முதல்ல போகும். ஜப்பான்ல அதுக்கு ஒகோகேன்னு பேரு. 1955-ல தோஷிபா கம்பெனி கரண்ட் குக்கர் கொண்டாந்தாங்க. இப்ப பாருங்க, காந்தல் பிடிக்க வைக்கறதுக்குன்னே தனி பட்டன் வச்ச குக்கரும் அங்க விக்குது.

நம்ம வீட்டுல அது யாருக்கு? எல்லாரும் சாப்பிட்டு எந்திரிச்சப்புறம், போசியைச் சுரண்டி மோர் ஊத்திக் குடிச்சுட்டு பாத்திரம் கழுவப் போறது நாமதானுங்க. அதுக்குள்ள மொச்சையும் பருப்பும் மேலயே காலியாயிருக்கும். 2019-21ல எடுத்த தேசிய குடும்ப நல ஆய்வுல, தமிழ்நாட்டுல 15லிருந்து 49 வயசுப் பொம்பளைங்கள்ல நூத்துக்கு 53 பேருக்கு ரத்தசோகை. காரணம் பல இருக்கும். கடைசியில மிச்சத்தைத் தின்னுட்டு எந்திரிக்கறதும் ஒண்ணுன்னுதான் எனக்குப் படுது.

அதனால போன மார்கழிக் குழுக் கூட்டத்துக்கு இந்தச் சாப்பாட்டையே ஆக்கினோம். வடவள்ளி உழவர் சந்தையில மொச்சை வாங்கி, உரிச்சு தனியா வேக வச்சுட்டோம். ரெண்டு டம்ளர் அரிசிக்கு ஒரு டம்ளர் மொச்சை கணக்கு. அரிசியை அரை மணி நேரம் ஊற வச்சு, உப்புத் தண்ணியில முக்கால் பதம் வெந்ததும் வடிச்சிரணும். அடி கனமான போசியில தாராளமா கடலை எண்ணெய், ஒரு சிட்டிகை மஞ்சள். அவங்க குங்குமப்பூ போடறாங்க. உலகத்துல அது அதிகமா வெளையறதே ஈரான்லதான், போடுவாங்க. நமக்கு ஈரோட்டு மஞ்சள் போதும்! அதுமேல முதல்ல வெறும் சோறு, அப்புறம் மொச்சை, கொத்தமல்லித் தழை, திரும்பச் சோறுன்னு கோபுரமாக் குவிச்சு, கரண்டிக் காம்புல நாலஞ்சு ஓட்டை போடணும். மூடியைத் துணியில சுத்தி மூடினா ஆவித்தண்ணி சோத்துல சொட்டாது. துணி நுனி தீயில படாம மேல தூக்கிக் கட்டிருங்க. அஞ்சு நிமிசம் நடுத்தரத் தீ, அப்புறம் சிம்முல அரை மணிக்கு மேல. எறக்கினதும் போசி அடியைப் பச்சைத் தண்ணியில ஒரு நிமிசம் வச்சா காந்தல் விட்டு வந்துரும். அகலமான தாம்பாளத்துல கவுத்தா பொன் நிறத்துல தோசை மாதிரி மேல நிக்குது. கறுத்தா கசந்துரும், மணத்தைக் கவனிக்கோணும்.

தொட்டுக்க சோயா சாஸ் ஊத்தின அரசாணிக்காய். சாஸ்லயே உப்பு இருக்கறதால தனி உப்பு போடலை. நாட்டுச்சர்க்கரைதான் போட்டோம். தயிர்ல வெள்ளரி, புதினா, மாதுளை முத்து.

பதினாலு பேரும் ஒண்ணா உக்காந்தோம். காந்தலை உடைச்சு முதல் துண்டை குழுவுல மூத்த ஆத்தா வட்டல்ல வச்சோம். "ஏங்கண்ணு, இதையுமா பங்கு வைக்கறீங்க?"ன்னு கேட்டுட்டு, ரெண்டாவது துண்டும் கேட்டு வாங்கிக்கிட்டாங்க. எங்க வீட்டுல இப்ப ஞாயித்துக்கெழமை இது ஆக்கினா, எல்லாருக்கும் ஒரே நேரத்துல வட்டல் போட்டுர்றேன். வீட்டுக்காரர் முதல்ல என்ன புதுப்பழக்கம்னாரு. இப்ப காந்தல்ல பெரிய துண்டுக்கு எம் பொண்ணோட சண்டைக்கு நிக்கறாரு.

தை கடைசி வரைக்கும் மொச்சை கெடைக்கும். அடுத்த கூட்டத்துக்கு மறுபடியும் ஆக்கலாம்னு இருக்கோம். அடி கனமான பெரிய போசி யாருகிட்ட இருக்குதோ, கொண்டாங்க.