சிலையின் முகமும் ஒரு மாணவியின் கேள்வியும்

(திருவண்ணாமலையில் நடைபெற்ற அறிவியல் ஆசிரியர் பயிற்சியில் ஆற்றிய உரை)



சில ஆண்டுகளுக்கு முன் ஏழாம் வகுப்பில் ஒரு படம் காட்டினேன். புனேயில் ஜெயந்த் நார்லிகர் நிறுவிய ஐயூகா வானியல் மையத்தில் உள்ள ஆரியபட்டர் சிலை அது. கலிலியோ, நியூட்டன், ஐன்ஸ்டீன் சிலைகளும் அங்கே உண்டு. ஒரு மாணவி எழுந்து, "சார், இவர் முகம் இப்படித்தான் இருந்ததா?" என்றாள். "ஆமாம்மா" என்று சொல்லிவிட்டுப் பாடத்தைத் தொடர்ந்தேன்.

அன்றிரவு அந்த "ஆமாம்" உறுத்தியது. ஐன்ஸ்டீனுக்குப் புகைப்படம் உண்டு. கலிலியோ, நியூட்டனுக்கு அவர்கள் காலத்து ஓவியங்கள் உண்டு. கி.பி. 476-இல் பிறந்த ஆரியபட்டருக்கு எதுவும் இல்லை. அந்த முகம் சிற்பியின் கற்பனை. நம் திருவள்ளுவர் முகமும் ஓவியர் கற்பனைதானே!

மறுநாள், "நேற்று நான் சொன்னது தவறு" என்றேன். வகுப்பு அமைதியானது. அவள் விடவில்லை. "அப்போ அவர் சொன்னது மட்டும் உண்மைன்னு எப்படி சார் தெரியும்?"

அதற்குப் பதில் சொல்லத்தான் அன்றைய பாடவேளை முழுவதும் போனது.

ஆரியபட்டர் தம் 23ஆம் வயதில், 499-இல், ஆரியபட்டீயம் இயற்றினார். ஓடும் படகில் இருப்பவருக்குக் கரை பின்னோக்கி நகர்வதாகத் தெரிவதுபோல, பூமி சுழல்வதால்தான் விண்மீன்கள் மேற்கே நகர்வதாகத் தெரிகின்றன என்றார். எங்கள் பிள்ளைகள் படகில் போனதில்லை, கிரிவலம் போயிருக்கிறார்கள். "14 கிலோமீட்டர் நடக்கையில் மலையின் வடிவம் மாறிக்கொண்டே வருகிறதே, மலையா நகர்கிறது?" என்றேன். "நாமதான் சார்!" என்றார்கள்.

உவமை விளக்கம் தரும், சான்றாகாது. பூமியின் சுழற்சியைக் கண்முன் காட்ட 1851-இல் பாரிஸில் ஃபூக்கோ ஊசலைத் தொங்கவிட்டதையும் சொன்னேன்.

சந்திர கிரகணம் பூமியின் நிழலால் வருகிறது என்றும் ஆரியபட்டர் எழுதினார். டார்ச் விளக்கு, பந்து, எலுமிச்சம்பழம் வைத்து அதைச் செய்து பார்த்தோம். அது ஏன் பௌர்ணமியன்று மட்டுமே வருகிறது என்பதை அந்த மாணவியே விளக்கினாள்.

ஆசிரியர்களே, படத்தில் ஒரு முகத்தைக் காட்டும்போது, "இது எப்படித் தெரியும்?" என்று பிள்ளைகள் கேட்க இடம் கொடுங்கள். தவறை ஒப்புக்கொண்டதால் என் மதிப்பு குறையவில்லை. அதன்பின் என் வகுப்பில் கேள்விகள் கூடின.