அடைப்புக்குறிக்கு முன்னாடி நிக்கிற மைனஸ்

இன்னைக்கு கோடிங் இல்லை, பள்ளிக்கூட அல்ஜிப்ரா. அடைப்புக்குறியை எடுத்துட்டு, ஒத்த உறுப்புகளைச் சேர்த்து ஒரு கோவையைச் சுருக்குறது. எட்டாவது படிக்கும்போது உப்பிலியபுரத்துல, எங்க வீட்டுத் திண்ணையில, இதுல நான் பண்ண தப்போட விலை 400 ரூபாய்.

அப்பா சின்ன வெங்காயம் போட்டிருந்தார். நடவுக்கு ஒரு மண்டிக்காரர்கிட்ட 3 மூட்டை விதை வெங்காயம் கடன். விக்கிற அன்னைக்கு என்ன விலையோ அந்த விலைக்குக் கழிச்சுக்கலாம்னு பேச்சு. நடுவுல அப்பா 200 ரூபாய் கட்டிட்டார். கடைசியில அதே மண்டியில 12 மூட்டை போட்டோம். மூட்டை விலை இப்போ ஞாபகம் இல்லை, எக்ஸ்னு வச்சுக்குவோம். வரவேண்டியது 12 எக்ஸ். மிச்சக் கடன் 3 எக்ஸ் − 200. அப்போ கணக்கு:

12 எக்ஸ் − (3 எக்ஸ் − 200)

மண்டிக்காரர் சீட்டுல 9 மூட்டைக் காசு போட்டு, அதுலயும் 200-ஐக் கழிச்சிருந்தார். அப்பாவுக்கு எங்கேயோ இடிச்சுது. சீட்டை என்கிட்ட நீட்டினார். நான் ரஃப் நோட்டுல போட்டுப் பார்த்து, 9 எக்ஸ் − 200, "சரியாத்தான்பா இருக்கு"ன்னேன். அவரும் சீட்டை மடிச்சுப் பைக்குள்ள வச்சுட்டார்.

அடைப்புக்கு வெளியே இருக்கிற மைனஸ் உள்ளே இருக்கிற ஒவ்வொரு உறுப்புக்கும் போய்ச் சேரணும். 3 எக்ஸ், −3 எக்ஸ் ஆகும். −200, +200 ஆகும். ஏன் ப்ளஸ்? அப்பா ஏற்கெனவே கட்டின பணம் அது, கடனைக் குறைக்குது. கடன் குறைஞ்சா நம்ம கைக்கு வர்றது கூடும். 628-லயே பிரம்மகுப்தர் இதைச் சொல்லிட்டார்: பூஜ்யத்திலிருந்து கடனைக் கழிச்சா அது செல்வம். ஆக விடை 9 எக்ஸ் + 200. கூட்டவேண்டிய 200-ஐக் கழிச்சதால வித்தியாசம் 200 இல்லை, 400.

இன்னொரு தப்பும் நிறைய பேர் பண்றது. 9 எக்ஸ் + 200-ஐப் பார்த்ததும் கை சும்மா இருக்காது, 209 எக்ஸ்னு எழுதிடுவாங்க. ஒன்னு மூட்டைக் கணக்கு, இன்னொன்னு ரூபாய். விலை தெரியிற வரைக்கும் ரெண்டும் ஒட்டாது. 12-ஆம் நூற்றாண்டுல பாஸ்கரர் பீஜகணிதத்துல, தெரியாத எண்கள் பலது வந்தா கருப்பு, நீலம், மஞ்சள்னு நிறத்தோட பேரை வச்சார். ஒரே இனத்தைக் கூட்டு, கழி. வேற இனத்தைத் தனியா வைன்னு விதியும் எழுதினார். நிறம்னு நினைச்சுக்கிட்டா எனக்கு இன்னைக்கும் சுலபமா இருக்கு.

அன்னைக்கு நான் செய்யாம விட்டது ஒரு டெஸ்ட். ஆபீஸ்ல கோடு எழுதினா முதல்ல அதைத்தானே கேப்பாங்க! எக்ஸ் 500-ன்னு போடுங்க. 6000-ல 1300 போனா 4700. 9 எக்ஸ் + 200-ம் 4700. என் விடையில 4300 வரும். அரை நிமிஷ வேலை.

ஒரு மாசம் கழிச்சு பரீட்சைப் பேப்பர்ல இதே தப்புக்கு டீச்சர் சிவப்பு வட்டம் போட்டிருந்தாங்க. அப்பதான் சீட்டு ஞாபகம் வந்துச்சு. சாயங்காலம் அப்பாகிட்ட சொன்னேன். "எனக்கு அன்னைக்கே தெரியும்பா. படிக்கிற புள்ள சொல்றியேன்னு விட்டுட்டேன்"னார்.

உங்களுக்கு ஒன்னு: 7 − 2(எக்ஸ் − 3) + 5 எக்ஸ். எனக்கு 3 எக்ஸ் + 13 வருது. வேற வந்தா, எக்ஸுக்கு 1 போட்டுப் பாருங்க.