விலைபோன கரங்கள்

(மதுரைப் பொதுக்கூட்டத்தில் ஆற்றிய உரை)

தோழர்களே! சட்டமன்றத்தைப் பூட்டவேண்டிய தேவை கொடுங்கோலனுக்கு இல்லை. உறுப்பினரை வாங்கிவிட்டால் போதும். கதவு திறந்திருக்கும், வாய்கள் மூடியிருக்கும்!

வையைக் கரை வாழ் நமக்கு இது புதுக்கதையா? மதுரைச் சீமை ஆற்காட்டு நவாபு முகமது அலிக்கு அடங்கியிருந்த காலம். அவருக்குக் கடுவட்டிக்குக் கடன் கொடுத்த பால் பென்ஃபீல்டு, தம்மோடு சேர்த்து 8 பேரை இலண்டன் பாராளுமன்றத்தில் அமர்த்தினார் என்று, 1785-இல் அம்மன்றத்திலேயே சாடினார் எட்மண்டு பர்க். விசாரணையின்றியே ஏற்கப்பட்டன அக்கடன்கள். அடைக்க வந்தது ஆற்காட்டுச் சீமையின் வரிப்பணம்! பர்க்கின் தீர்மானமோ தோற்றது. வாக்கு விலைபோனது அங்கே. உழவன் வயிறு காய்ந்தது இங்கே!

வாங்கியவன் அத்தோடு விடுபடுவானா? பெரு நாட்டைப் பாருங்கள். அதிபர் ஃபுஜிமோரிக்குப் பெரும்பான்மை இல்லை. அவருடைய உளவுத்துறையை ஆட்டிவைத்த மாண்டெசினோஸ், எதிர்க்கட்சி உறுப்பினருக்குப் பணம் கொடுத்ததைத் தாமே படமெடுத்து வைத்தார். ஏன்? அந்தப் படமே கடிவாளம்! 2000-இல் அது வெளியானது, ஆட்சி கவிழ்ந்தது.

2009 இடைத்தேர்தலுக்குப் பின், நம் பக்கத்துத் திருமங்கலத்தின் பெயரே வாக்குக்குப் பணம் என்பதன் வாய்பாடாயிற்றே! வாக்கை விற்றவன், விலைபோன உறுப்பினரை எந்த வாயால் கேட்பான்? மன்றத்தின் மானம் நம் கையில், தோழர்களே! அந்தக் கையை நீட்டாதிருப்போம்.