ரோ ஹெட் பள்ளித் தோழிகள்



1831 ஜனவரி. இங்கிலாந்தின் யார்க்‌ஷயரில், மிர்ஃபீல்டுக்குப் பக்கத்தில் ரோ ஹெட் என்றொரு வீடு. அங்கே மிஸ் ஊலர் பெண்களுக்காகப் பள்ளி நடத்திவந்தார். மாணவிகள் 10 பேர் அளவில்தான். அந்த வட்டாரத்துக் கம்பளி ஆலை முதலாளிகளின் மகள்களும் அதில் உண்டு. ஒருநாள் மூடுவண்டியில் வந்து இறங்கினாள் 14 வயது சார்லட் பிரான்டே. பாதிரியார் வீட்டுப் பெண். பழைய மோஸ்தர் உடுப்பு, ஐரிஷ் சாயல் பேச்சு. கிட்டப்பார்வை என்பதால் பந்து விளையாடவும் வராது. இலக்கணம் போதாது, சின்னப் பெண்களோடு உட்கார் என்றதும் அழுதுவிட்டாள். மிஸ் ஊலர் மனமிரங்கிப் பெரிய வகுப்பிலேயே சேர்த்துக்கொண்டார். சீக்கிரமே அந்த வகுப்பில் முதல் மாணவி அவள்தான்.

புதிதாக வந்தவள் முந்திப்போனால் பகை மூளாதா? சக மாணவி மேரி டெய்லரோடு மோதல் இருந்தது. ஆனால் மார்க்குக்காக அல்ல. மேரி வீட்டார் தீவிரச் சீர்திருத்தவாதிகள். சார்லட்டுக்கோ சீர்திருத்தத்தை எதிர்த்த வெலிங்டன் பிரபு என்றால் உயிர். நாடாளுமன்றச் சீர்திருத்தச் சட்டம் நாட்டையே உலுக்கிய 1832இல் இந்தச் சிறுமிகளும் அரசியல் பேசிச் சண்டை போட்டார்கள். "நீ அழகே இல்லை" என்றும் மேரி முகத்துக்கு நேராகச் சொல்லியிருக்கிறாள். பின்னாளில் அதற்காக வருந்தியபோது, அது எனக்கு நன்மைதான் செய்தது என்றாராம் சார்லட்.

இன்னொரு தோழி எலன் நஸ்ஸி வேறு மாதிரி. ஜன்னலோரம் வீட்டு நினைவில் அழுதுகொண்டிருந்த சார்லட்டைத் தேற்றப் போய், தானும் சேர்ந்து அழுதவள்.

எலனின் பரிவைப் பலரும் போற்றுகிறார்கள். மேரியின் முரட்டு நேர்மைக்கும் அதே மதிப்பைத் தரவேண்டும் என்பது என் எண்ணம். 'ஜேன் அயர்' எழுதிச் சார்லட் புகழின் உச்சியில் இருந்தபோதும் மேரி விடவில்லை. அப்போது அவர் நியூசிலாந்தின் வெலிங்டனில் சொந்தமாகக் கடை நடத்திக்கொண்டிருந்தார். சார்லட்டின் 'ஷெர்லி' நாவலில் ரோஸ் யார்க் என்ற பாத்திரமே மேரியின் சாயல்தான். அப்படியிருந்தும், பெண்கள் உழைத்துச் சம்பாதிப்பதைப் பற்றி அதில் துணிந்து எழுதவில்லை, நீ கோழை என்று 1850இல் கடல் கடந்து கடிதம் போட்டார். நட்பு முறியவில்லை.

சார்லட் எலனுக்கு எழுதிய கடிதங்களை எரித்துவிடச் சொல்லி 1854இல் அவருடைய கணவர் வற்புறுத்தினார். எலன் எரிக்கவில்லை. எலிசபெத் காஸ்கெல் 1857இல் வெளியிட்ட வாழ்க்கை வரலாற்றுக்கு அவை முக்கிய ஆதாரம். மேரியோ தனக்கு வந்தவற்றைக் கிட்டத்தட்ட முழுவதும் அழித்துவிட்டார். எலனிடம் மனம்விட்டுப் பேசிய சார்லட்டை இன்று நன்றாகவே அறிவோம். மேரியோடு வாதாடிய சார்லட் நமக்குக் கிடைக்காமல் போனதுதான் பெரிய இழப்பு.